அச்சிட இயலாத எழுத்து

அன்புள்ள எழுத்தாளருக்கு,

பள்ளியில் தமிழ் சொல்லிக்கொடுத்து ஓய்வுபெற்றவன் நான். மகள் கணினி அறிவியல் இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். சில வாரங்களாக நள்ளிரவு தாண்டியும் விழித்திருந்து, கிளிங்கான் என்ற கற்பனை மொழியின் எழுத்துகளில் நிரல் எழுதப் பார்க்கிறாள். பைத்தான் என்ற நிரல்மொழி அதை ஏற்கவில்லையாம். "தாய்மொழியில் ஒரு வரி எழுதியதுண்டா? இல்லாத ஊர்க்காரனின் எழுத்துக்கு இந்தப் பாடு எதற்கு?" என்று கடிந்துகொண்டேன். "தமிழில் எழுதினால் மட்டும் எல்லா இடத்திலும் ஓடிவிடுமா அப்பா?" என்று கேட்டுவிட்டு எழுந்து போய்விட்டாள். அன்றிலிருந்து முகம் கொடுத்துப் பேசுவதில்லை. நான் சொன்னது தவறா?

தமிழாசிரியர் ஒருவர், தஞ்சாவூர்

அன்புள்ள ஐயா,

தவறு என்றுதான் நினைக்கிறேன். உங்கள் மகள் கேட்டது உண்மையான கேள்வி. அதற்கு விடை "ஓடாது" என்பதே.

முதலில் அவர் திரையில் என்ன நடந்திருக்கும் என்று சொல்கிறேன். நிரலில் மதிப்பைச் சேமித்துவைக்கும் ஒரு மாறிக்குக் கிளிங்கான் எழுத்தில் பெயர் வைத்திருப்பார். இன்றைய பைத்தான் அதற்குத் தரும் பிழைச்செய்தியைத் தமிழாக்கினால் "செல்லாத, அச்சிட இயலாத எழுத்து" என்று வரும். கண்ணெதிரே திரையில் நிற்கும் எழுத்தைத்தான் அப்படிச் சொல்கிறது. கணினிக்கு வடிவம் தெரியாது, எண் மட்டுமே தெரியும். அந்த எண் எழுத்தா, குறியா, வெற்றிடமா என்பதை, உலக மொழிகளின் எழுத்துகளுக்கு எண் தரும் யூனிகோட் அட்டவணையைப் பார்த்துத்தான் முடிவு செய்யும். தமிழ் அந்த அட்டவணையில் 1991இலேயே ஏறிவிட்டது. கிளிங்கான் ஏறவில்லை. எழுத்துமுறை வல்லுநர் மைக்கேல் எவர்சன் 1997இல் முன்மொழிந்தார், 2001இல் யூனிகோட் குழு நிராகரித்தது. அந்த மொழியை எழுதுகிறவர்களே பெரும்பாலும் ரோமன் எழுத்தில்தான் எழுதுகிறார்கள் என்பது முக்கியமான காரணம். இதைப் படிக்கும்போதெல்லாம் கைப்பேசியில் ஆங்கில எழுத்தில் தமிழ் அனுப்பும் நம் பிள்ளைகள் நினைவுக்கு வருகிறார்கள். தமிழுக்கு அந்த ஆபத்து இல்லை, ஆனாலும் நெஞ்சில் தைக்கிறது.

நிராகரிக்கப்பட்ட எழுத்துகளுக்கு ஒரு புறம்போக்கு உண்டு. யூனிகோடின் அடிப்படைப் பகுதியில் மட்டும் 6400 இடங்களை யார் வேண்டுமானாலும் எதற்கும் வைத்துக்கொள்ளலாம் என்று விட்டிருக்கிறார்கள். ஆர்வலர்கள் அங்கேதான் கிளிங்கானின் 26 எழுத்துகளையும் 10 எண்களையும் குடிவைத்தார்கள். நாவலாசிரியர் டோல்கீன் உருவாக்கிய தெங்வார் எழுத்துக்கும் அங்கேதான் இடம். உரிய எழுத்துரு இல்லாத கணினியில் இவையெல்லாம் வெறும் கட்டங்களாகத் தெரியும். 1990களில் ஒருவர் தட்டச்சிட்ட தமிழ்க் கோப்பை இன்னொருவர் திறந்தால் பொருளற்ற குறிகளாகக் கொட்டியதே, அந்த நிலைதான்.

ரோமன் எழுத்திலேயே எழுதிவிட்டுப் போகலாமே என்று கேட்பீர்கள். முடியாது, அங்கேதான் உங்கள் மகளின் பிடிவாதத்துக்கு நியாயம் இருக்கிறது. கிளிங்கானில் தொண்டையை அடைத்துத் திறக்கும் ஓர் ஒலி உண்டு. மொழியை உருவாக்கிய மார்க் ஓக்ராண்ட் ரோமனில் அதற்கு ஒற்றை மேற்கோள் குறியைக் கொடுத்தார். "காட்டு" என்று பொருள்படும் "சா" என்ற வினைச்சொல் அந்தக் குறியில்தான் முடிகிறது. பைத்தானிலோ அந்தக் குறி வந்தால் ஒரு சரம், அதாவது உரைத்துண்டு, தொடங்குகிறது என்று பொருள். எனவே அந்தச் சொல்லை ஒரு பெயராக வைக்கவே வழியில்லை. கிளிங்கானின் சொந்த எழுத்தில் அது மற்ற எழுத்துகளைப் போல ஓர் எழுத்து, அவ்வளவுதான். சொந்த எழுத்து ஏன் வேண்டும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்றை நான் கண்டதில்லை.

வழி இருக்கிறது. நிரல் ஓடுவதற்கு முன் கிளிங்கான் எழுத்துகளை ரோமனுக்கு மாற்றித் தரும் சிறு நிரல் ஒன்றை அவர் எழுதிக்கொள்ளலாம். அந்த மேற்கோள் குறிக்கு மட்டும், கிளிங்கானில் பயன்படாத "இசட்"டை ஒதுக்கினால் போதும்.

இனி தமிழ். 2008இல் வந்த பைத்தான் 3 முதல் மாறிகளுக்குத் தமிழில் பெயர் வைக்கலாம், சிக்கல் இல்லை. எழில் என்ற தமிழ் நிரல்மொழியும் இருக்கிறது. அதில் நிபந்தனை முன்னால் வந்து "ஆனால்" பின்னால் நிற்கும், தமிழ் வாக்கியம் நிற்பதைப் போலவே. ஆனால் கோ என்ற இன்னொரு நிரல்மொழியின் இலக்கணத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே ஒரு பெயரில் எழுத்தும் எண்ணும் அடிக்கோடும் மட்டுமே வரலாம். நம் கொம்பும் காலும் புள்ளியும் யூனிகோடில் எழுத்தாக அல்ல, ஒட்டுக்குறியாக வகைப்படுத்தப்பட்டவை. அதனால் "நட" செல்லும், "ஓடு" செல்லாது. "பற" செல்லும், "பாடு" செல்லாது. "தமிழ்" என்ற சொல்லே செல்லாது. பெர்னார்ட் ஷாவின் உயிலால் ஆங்கிலத்துக்காகப் பிறந்த ஷேவியன் எழுத்து 2003இல் யூனிகோடில் ஏறியது. ஒட்டுக்குறி இல்லாத எழுத்து என்பதால் அதில் எந்தச் சொல்லையும் அங்கே பெயராக வைக்கலாம்.

இது யாரும் திட்டமிட்டுச் செய்த அவமதிப்பு அல்ல. விதி எளிமையாக இருக்க வேண்டும் என்று நினைத்தவர்கள் வகுத்தது. ஒட்டுக்குறிகளை அவர்கள் தெரிந்தே விலக்கினார்கள், அதனால் சில மொழிகள் வெளியே நிற்கின்றன என்பதையும் ஒப்புக்கொள்கிறார்கள். இதைத் திருத்தச் சொல்லி வாதாட, எழுத்து என்றால் என்ன என்று இரவெல்லாம் முட்டி மோதிய ஆட்கள் வேண்டும். அந்தப் பயிற்சியைத்தான் உங்கள் மகள் இப்போது செய்துகொண்டிருக்கிறார். தயவுசெய்து தடுக்காதீர்கள்.

இன்றைக்கே அவர் அறைக்குப் போய், "தமிழ்" என்ற சொல்லின் நீளம் என்ன என்று பைத்தானிடம் கேட்கச் சொல்லுங்கள். ஐந்து என்று விடை வரும். மூன்று எழுத்துக்கு எப்படி ஐந்து என்று அவர் விளக்குவார்: த, ம, இகரக் குறி, ழ, புள்ளி. பிறகு நீங்கள் பேசுங்கள். நீங்கள் வகுப்பில் பிரித்துக் காட்டியதும் ஐந்துதான்: த், அ, ம், இ, ழ். அகரம் ஏறிய எழுத்தை அடியாக வைத்துப் புள்ளியை மேலே ஒட்டுகிறது கணினி. புள்ளி வைத்த மெய்யை அடியாக வைத்து அகரத்தை ஏற்றுகிறது நம் இலக்கணம். இந்த இரண்டு ஐந்துக்கும் உள்ள வேறுபாட்டை அவருக்குச் சொல்லித்தர அந்த வீட்டில் உங்களைத் தவிர வேறு யார் இருக்கிறார்கள்?

அன்புடன்