மகன் பேய்ப்படம் எடுக்கப் போகிறேன் என்கிறான்

அம்மா, உங்கள் மகன் காட்டிய ஏழு நிமிடக் குறும்படத்தை இரண்டு முறை பார்த்தேன். உங்கள் வீட்டு மொட்டை மாடியில் போனில் எடுத்ததுதான். பேய் கண்ணில் படவே இல்லை. தண்ணீர்த் தொட்டியின் மூடி இருட்டில் மெல்ல நகரும் சத்தம் மட்டும். எனக்குப் பிடரி சில்லிட்டுப் போனது. படிக்கச் சோம்பல்பட்டு சினிமா என்று சொல்லும் பையன் இல்லை அவன்.

"இதில் சோறு கிடைக்குமா?" என்று கேட்டீர்கள். அமெரிக்கப் பேய்ப்பட இயக்குநர் ஜார்ஜ் ரொமேரோவைப் பற்றிச் சொல்கிறேன். ஹாலிவுட்டுக்கு வெகு தொலைவில், பிட்ஸ்பர்க் நகரில் நண்பர்களோடு சின்னக் கம்பெனி வைத்து விளம்பரப் படம் எடுத்துப் பிழைத்தவர். தொழில் அங்கேயே கைவந்தது. அப்புறம் பத்துப் பேர் ஆளுக்கு 600 டாலர் போட்டு பிணங்கள் எழுந்து வரும் 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்' படத்தைத் தொடங்கினார்கள். கறுப்பு வெள்ளைப் படம், அதனால் சாக்லேட் சிரப்பே ரத்தம். முடிக்கும்போது செலவு சுமார் 1,14,000 டாலர். 1968-இல் வெளியாகிப் பெரிய வசூல்.

ஆனால் எடுத்தவர்கள் கைக்கு வந்தது கொஞ்சம்தான். விநியோகஸ்தர் தரப்பில் படத்தின் பெயரை மாற்றியபோது, பழைய டைட்டிலில் இருந்த பதிப்புரிமை அறிவிப்பு விடுபட்டுப் போனது. அன்றைய அமெரிக்கச் சட்டப்படி அந்த அறிவிப்பு இல்லாவிட்டால் உரிமையே இல்லை. யார் யாரோ பிரதி போட்டு விற்றார்கள். இதை நினைத்தாலே எனக்கு மனசு ஆறாது.

இங்கே அப்படி அறிவிப்பு தேவையில்லை. ஆனால் நம் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் படத்தின் உரிமையைத் தயாரிப்பாளருக்குத்தான் தருகிறது, இயக்குநருக்கு அல்ல. ஆகவே ஒப்பந்தத்தை வரி விடாமல் படிக்க அவன் இப்போதே பழகட்டும்.

சரி, படிப்பு. சென்னை தரமணியில் உள்ள அரசு திரைப்படக் கல்லூரியில் பிளஸ் டூ முடித்ததும் சேரலாம். புனே, கொல்கத்தாவில் உள்ள மத்திய அரசுத் திரைப்படக் கல்லூரிகளில் இயக்கம் படிக்க முதலில் ஒரு பட்டம் வேண்டும். இவனுக்கு நான் சொல்வது தரமணியில் ஒலிப்பதிவு. மூடி நகரும் சத்தத்தில் பயத்தைக் கண்டுபிடித்த காது அது. சீரியல், விளம்பரம், டப்பிங் என்று ஒலி தெரிந்தவருக்கு வேலை உண்டு. சொந்தப் படம் அமையும்வரை அது கைகொடுக்கும்.

வீட்டுப் பத்திரத்தை மட்டும் அடகு வைத்துவிடாதீர்கள். ரொமேரோவின் முதல் பணம்கூடப் பத்துக் கைகளிலிருந்து வந்தது.

அடுத்த முறை அவன் அப்பாவையும் அழைத்து வாருங்கள். ஹெட்போன் எடுத்து வைக்கிறேன். அந்த ஏழு நிமிடத்தை அவரும் ஒருமுறை கேட்கட்டும்.