மாரி தோரோச்சிக் பற்றிக் கேட்டீர்கள், சொல்கிறேன்

ஹங்கேரிய நாடக, திரைப்பட நடிகை மாரி தோரோச்சிக் (1935–2021) பற்றி யாருக்கு என்ன சந்தேகமோ கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்த கேள்விகளும் என் பதில்களும் இவை.

அக்கா, 'மாரி' என்றதும் நம்ம ஊர்க்காரர் என்றே நினைத்துவிட்டேன். நிஜமாகவே பெயர் அதுதானா?

எழுத்தில் மாரி, காதில் கிட்டத்தட்ட 'மொரி'. அம்மனுக்கும் மழைக்கும் சம்பந்தமில்லை, மரியான் என்பதன் சுருக்கம். ஹங்கேரியில் குடும்பப் பெயர்தான் முதலில் வரும்: தோரோச்சிக் மாரி. நாம் இனிஷியலை முன்னால் போடுகிற மாதிரி. இன்னொன்று சொன்னால் சிரிப்பீர்கள். அவர் பிறந்த ஹெவெஷ் மாவட்டத்துக் கிராமத்தின் பெயரை அவர்கள் வாயால் கேட்டால் 'பேய்' என்றே கேட்கும்.

சினிமாவுக்கு எப்படி வந்தார்?

புடாபெஸ்ட் நாடக, திரைப்படக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தபோதே இயக்குநர் ஸோல்தான் ஃபாப்ரி தன் 'ராட்டினம்' படத்துக்கு நாயகியாகப் போட்டுவிட்டார். 1956-ல் அது பிரான்ஸின் கான் திரைப்பட விழாவுக்குப் போனபோது மாரிக்கு 20 வயது. அப்போது விமர்சகராக இருந்த, பின்னாளில் பெரிய பிரெஞ்சு இயக்குநரான த்ரூஃபோ அவரை மனம் திறந்து பாராட்டினார்.

கதை நமக்குப் பழக்கமானதுதான். மகளை நிலத்தோடு நிலம் சேர்க்கிற சம்பந்தத்தில் கட்டிக்கொடுக்கப் பார்க்கிறார் அப்பா, மகளுக்கோ வேறொருவன் மேல் மனசு. திருவிழாவில் சங்கிலி ராட்டினத்தில் இருவரும் பறக்கும் காட்சியைப் பாருங்கள். பிறகு ஒரு கல்யாண வீட்டில், அப்பாவும் நிச்சயித்த மாப்பிள்ளையும் பார்த்துக்கொண்டிருக்க, அந்தப் பையனோடு ஆடுகிறாள். கேமராவும் கூடவே சுற்றுகிறது. அந்தப் பெண்ணின் முகத்தில் பயமும் சந்தோஷமும் ஒன்றை ஒன்று துரத்துகின்றன.

ஒரே ஒரு படம் பார்க்கத்தான் நேரம். எதைப் பார்க்கலாம்?

'காதல்', 1971, கரோய் மக் இயக்கியது. யோசிக்கவே வேண்டாம்.

1950-களின் தொடக்கம். லூட்சாவின் கணவன் அரசியல் கைதி. படுத்த படுக்கையாகக் கிடக்கும் மாமியாரிடம் அதைச் சொல்ல முடியுமா? 'உங்கள் பிள்ளை அமெரிக்காவில் படம் எடுக்கிறார்' என்று சொல்லி, அவன் எழுதுவதாகத் தானே கடிதம் எழுதுகிறாள். கடிதத்துக்குக் கடிதம் புளுகு பெருத்துக்கொண்டே போகிறது. கிழவி அதில் பூரித்துப் போகிறாள். மாமியாரும் மருமகளும் சீண்டிக்கொள்வார்கள், சிரிப்பார்கள். வெளியே வந்தால் லூட்சாவுக்கு வேலை போயிருக்கிறது, தன் வீட்டிலேயே இடம் சுருங்கியிருக்கிறது. உள்ளே அந்தக் கட்டிலருகே அதன் நிழல்கூட அவள் முகத்தில் விழக்கூடாது. மாரி இதை அழுது காட்டவில்லை. பேச்சின் வேகத்தில் ஒரு அரை நொடி தயங்குவார், அவ்வளவுதான். எனக்கு நடிப்பு என்றால் அந்த அரை நொடிதான்.

மாமியாராக வந்த லிலி தார்வாஷ் போருக்கு முந்தைய புடாபெஸ்ட் மேடையின் பெரிய பெயர். எழுத்தாளர் ஃபெரென்ஸ் மோல்நாரின் மனைவி, அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தவர். கான் விழாவில் படத்துக்கு நடுவர் குழு பரிசும், இந்த இருவருக்கும் சிறப்புக் குறிப்பும் கிடைத்தன.

கான் சிறந்த நடிகை விருது கணவர் இயக்கிய படத்துக்காமே? சிபாரிசா?

வீட்டு சிபாரிசு கான் நடுவர்களிடம் எடுபடுமா என்ன! 1976-ல் கிடைத்தது, தொமினிக் சாந்தாவோடு பகிர்ந்துகொண்டார். இயக்கியது கணவர் ஜூலா மார் என்பது உண்மைதான். படத்தின் பெயர் 'தேரினே எங்கே?'. தேரினே என்பவர் 19-ஆம் நூற்றாண்டில் ஊர் ஊராகப் போய் நடித்துப் பாடிய நிஜமான நடிகை. வயது ஏறுகிறது, இளம் நாயகி வேடங்கள் கை நழுவுகின்றன. அதை நடிக்கும்போது மாரிக்கும் 40 வயது நெருங்கியிருந்தது.

மேடம், சினிமா நடிகையா, நாடக நடிகையா?

அவரது அன்றாடம் மேடைதான். 1958 முதல் 1979 வரை புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் இருந்தார். அங்கெல்லாம் நிரந்தரக் குழு. ஒரே நாடகத்தை மாதக்கணக்கில் ஓட்ட மாட்டார்கள், இன்றைக்கு ஒன்று, நாளைக்கு வேறொன்று. நாலைந்து வேடங்களை எப்போதும் மனசில் சூடாக வைத்திருக்க வேண்டும். இதற்கிடையில் சினிமாவும்.

அந்த அரங்கின் பழைய கட்டடத்தை 1965-ல் இடித்துவிட்டார்கள், மெட்ரோ வேலையைக் காரணம் காட்டி. தன்யூப் ஆற்றங்கரையில் புதியது திறந்தது 2002 மார்ச் 15-ல். அதுவரை வேறு கட்டடங்களில் காலம் தள்ளினார்கள். புதிய அரங்கிலும் மாரி சேர்ந்தார். வாழ்நாள் கௌரவமான 'தேசத்தின் நடிகர்' பட்டம் 2000-லேயே வந்துவிட்டது. ஹங்கேரியின் உயரிய அரசு விருதான கோஷுத் பரிசு இரண்டு முறை.

ஹாலிவுட் பக்கம் போனாரா?

கோஸ்தா கவ்ராஸின் 1989 அமெரிக்கப் படம் 'மியூசிக் பாக்ஸ்'. சின்ன வேடம். கதையைத் திருப்பிப் போடுகிற அடகுச் சீட்டு அவர் வழியாகத்தான் நாயகி கைக்கு வரும்.

ஹங்கேரிய இயக்குநர் யாங்ச்சோ எடுத்த, மாரி நடித்த 'எலெக்த்ரா' படம் எனக்குப் புரியவே இல்லை. நீங்கள் எப்படிப் பார்க்கிறீர்கள்?

கதையைத் துரத்தாதீர்கள். சுமார் 70 நிமிடப் படம், மொத்தமே 12 ஷாட். வெட்டவெளியில் குதிரைகளும் கூட்டமும் சுற்றிக்கொண்டே இருக்கும். அத்தனைக்கும் நடுவே மாரி எங்கே நடக்கிறார், எப்போது நிற்கிறார் என்று மட்டும் ஒருமுறை பாருங்கள்.

கடைசிக் காலம் எப்படி?

2008-ல் கோமாவில் விழுந்தார். பிழைப்பாரா என்றிருந்த நிலையிலிருந்து மீண்டு, திரும்ப மேடை ஏறினார். 2017-ல் மார்தா மேசாரோஷின் 'அரோரா போரியாலிஸ்' படத்தில் கோமாவில் விழும் வயதான தாயாக நடித்தார். மேற்கு ஹங்கேரியில் வெலெம் என்ற கிராமத்தில் வாழ்ந்து, 2021 ஏப்ரல் 16 அன்று 85 வயதில் காலமானார்.

பழைய கறுப்பு வெள்ளைப் பிரதியில் என்ன தெரியப்போகிறது அக்கா?

'ராட்டினம்' படத்தைச் சீரமைத்து 2017-ல் கான் விழாவிலேயே மறுபடி திரையிட்டார்கள். தேடினால் அந்தப் பிரதியைத் தேடுங்கள். ஒலியைக் கொஞ்சம் கூட்டி வைத்துக்கொள்ளுங்கள். சப்டைட்டில் படிக்கிற அவசரத்தில் அவர் குரலைக் கோட்டை விட்டுவிடுவோம்.