"நான் மிலிட்டரி" என்றால் போலீஸ் விட்டுவிடுமா? வழக்கில் சிக்கிய முன்னாள் படைவீரர்களுக்கான கேள்வி பதில்

ராணுவத்தில் 24 வருஷம் கிளர்க்காக இருந்து சுபேதாராக வெளியே வந்தேன். அதன் பிறகு சட்டம் படித்து, இப்போது மாவட்ட நீதிமன்றத்தில் கிரிமினல் வழக்குகள் நடத்துகிறேன். என்னிடம் வருபவர்களில் பாதிப் பேர் நம் ஆட்கள்தான். கேளுங்கள். பெயர், ஊர், எஃப்.ஐ.ஆர். எண் எதுவும் எழுத வேண்டாம். இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: ராணுவக் கேன்டீன் சரக்கை வெளியே விற்று மாட்டிக்கொண்டவர்கள் திட்டு வாங்கத் தயாராக வரவும்.

கேள்வி (ஓய்வு பெற்ற ஹவில்தார்): வணக்கம் சாப். வரப்புத் தகராறில் பக்கத்து நிலத்துக்காரரைத் தள்ளிவிட்டேன், கை முறிந்துவிட்டது. மத்திய அரசு அனுமதி இல்லாமல் ராணுவத்தானைக் கைது செய்ய முடியாது என்கிறார்களே, அதைப் போலீசிடம் சொல்லலாமா?

பதில்: சொல்லாதீர்கள். அந்தப் பாதுகாப்பு பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 42-ஆம் பிரிவில் இருக்கிறது, பழைய சட்டத்தில் 45. படையில் இருப்பவர் பணியை நிறைவேற்றும்போது செய்த செயலுக்குத்தான் அது பொருந்தும். வரப்பு எல்லைக்கோடு இல்லை, நீங்களும் டியூட்டியில் இல்லை. "நான் மிலிட்டரி, தெரியுமா" என்று ஸ்டேஷனில் குரல் உயர்த்தியவர்கள் மேல் கூடுதலாக ஒரு பிரிவு சேர்வதைத்தான் நான் பார்த்திருக்கிறேன்.

உங்களுக்கு உண்மையிலேயே உதவக்கூடியவை எல்லாக் குடிமக்களுக்கும் உள்ள உரிமைகள்தான். ஏழு ஆண்டு வரை தண்டனை உள்ள குற்றமென்றால், எடுத்த எடுப்பில் கைது செய்யாமல் 35(3) நோட்டீஸ் கொடுத்து அழைக்கலாம். நோட்டீஸ் வந்தால் தவறாமல் போங்கள். உங்களுக்கு 60 வயது தாண்டியிருந்து, குற்றத்துக்கு மூன்று ஆண்டுக்குக் குறைவான தண்டனை என்றால், டி.எஸ்.பி. நிலை அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் கைது செய்யக் கூடாது. அது 35(7). கைது செய்தால் காரணத்தைச் சொல்ல வேண்டும், வீட்டுக்குத் தகவல் தர வேண்டும், 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும்.

கேள்வி (ஒரு நாயக்கின் மனைவி): ஐயா, வீட்டுக்காரர் 40 நாளாக ரிமாண்டில் இருக்கிறார். கொலை முயற்சி வழக்கு. பென்ஷன் நின்றுவிடுமா? இரண்டு பிள்ளைகள் படிக்கிறார்கள்.

பதில்: அம்மா, எஃப்.ஐ.ஆர். போட்டதாலோ ரிமாண்டில் இருப்பதாலோ மட்டும் பென்ஷன் நிற்காது. பென்ஷன் விதிகளில் "எதிர்கால நன்னடத்தை" என்ற நிபந்தனை உண்டு. கடுமையான குற்றத்தில் தண்டனை பெற்றால்தான் உரிய அதிகாரி பென்ஷனை நிறுத்தவோ குறைக்கவோ உத்தரவிடலாம். தீர்ப்பு வரும் வரை அந்தக் கட்டமே வராது. தீர்ப்பு பாதகமாக வந்தால், குடும்பத்தின் பிழைப்பைச் சொல்லி, பென்ஷனில் ஒரு பகுதியையாவது உங்களுக்குத் தரச் சொல்லி, அவருடைய சர்வீஸ் ஆவணங்கள் இருக்கும் ரிகார்டு ஆபீசுக்கு மனு போடுங்கள். தாமதிக்க வேண்டாம்.

நான் பார்த்தவரை, சிறையில் இருப்பவர்களின் பென்ஷன் நிற்பது வேறு காரணத்தால். வருஷத்துக்கு ஒருமுறை கொடுக்க வேண்டிய உயிர்வாழ் சான்றிதழ் போய்ச் சேருவதில்லை, அவ்வளவுதான். பென்ஷன் வழங்கும் ஸ்பர்ஷ் கணினி முறைக்கு அவர் உள்ளே இருக்கிறார் என்று தெரியாது, உயிரோடு இருப்பதற்குச் சான்று வரவில்லை என்பது மட்டும் தெரியும். அவருடைய சான்றிதழ் எந்த மாதம் காலாவதியாகிறது என்று இன்றே பாருங்கள். முன்கூட்டியே சிறைக் கண்காணிப்பாளருக்கு மனு கொடுத்து அதிகாரியின் கையெழுத்துடன் சான்றை வாங்கி அனுப்புங்கள். அவருடைய ஏ.டி.எம். கார்டை வைத்து நீங்கள் பணம் எடுப்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் மைத்துனர்களிடம் கொடுத்துவிடாதீர்கள். எத்தனை வீட்டில் அடிதடி அதில் ஆரம்பித்திருக்கிறது தெரியுமா!

வக்கீலுக்குப் பணம் இல்லையென்றால் கடன் வாங்க வேண்டாம். காவலில் இருப்பவருக்கு வருமான வரம்பு எதுவும் பார்க்காமல் இலவச வக்கீல் தர வேண்டும், 1987-ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 12-ஆம் பிரிவு. 15100-க்குக் கூப்பிடுங்கள். 2025 ஜூலை 26 அன்று ஸ்ரீநகரில் தேசிய சட்டப் பணிகள் ஆணையம் வீர் பரிவார் சகாயதா யோஜனா என்று படைவீரர் குடும்பங்களுக்காகவே ஒரு திட்டத்தைத் தொடங்கியது. சைனிக் போர்டுகளில் (படைவீரர் நல வாரியங்களில்) சட்ட உதவி மையம் வைப்பதுதான் அதன் நோக்கம். உங்கள் மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகத்தில் அதைக் குறிப்பிட்டுக் கேளுங்கள்.

கேள்வி: சாப், என் மேல் செக் கேஸ் இருக்கிறது. பென்ஷன் போய்விடுமா?

பதில்: மேலே படியுங்கள். செக் கேஸுக்குப் பென்ஷன் போனதை நான் பார்த்ததில்லை. பணத்தைக் கட்டிச் சமாதானமாகப் போங்கள்.

கேள்வி (தம்பிக்காக அண்ணன்): தம்பி காஷ்மீரில் மூன்று முறை இருந்தவன். வந்ததிலிருந்து தூக்கமில்லை, பட்டாசுச் சத்தம் கேட்டால் நடுங்குவான். போன மாதம் கோயில் திருவிழாவில் வேட்டுச் சத்தத்தில் ஒருவரைக் கம்பால் அடித்துவிட்டான். "மனநிலை சரியில்லை" என்று சொன்னால் விடுதலை ஆகுமா?

பதில்: இதற்குக் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், ஏனென்றால் இங்கேதான் நம் ஆட்கள் கோட்டை விடுகிறார்கள்.

முழு விடுதலை கேட்பது பி.என்.எஸ். என்ற புதிய தண்டனைச் சட்டத்தின் 22-ஆம் பிரிவு, பழைய ஐ.பி.சி. 84. செய்த நேரத்தில் தான் என்ன செய்கிறோம் என்றோ, அது தவறு என்றோ அறிய முடியாத நிலையில் இருந்தான் என்று நீங்கள்தான் காட்ட வேண்டும். டாக்டர் "பி.டி.எஸ்.டி.", அதாவது அதிர்ச்சிக்குப் பின் வரும் மனநோய், என்று எழுதிக் கொடுத்தால் மட்டும் போதாது. மருத்துவம் சொல்லும் மனநோய் வேறு, சட்டம் கேட்கும் மனநோய் வேறு என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. அடித்த பின் ஓடி ஒளிந்தான் என்று ஒரு சாட்சி சொன்னால் போச்சு, தவறு என்று தெரிந்திருக்கிறதே என்பார்கள்.

ஆனால் விடுதலை ஒன்றுதான் வழியா? அதே காகிதங்கள் ஜாமீனுக்கு உதவும். தண்டனையைக் குறைக்க உதவும். மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கக்கூடிய குற்றமாக இல்லாதபோது, 1958-ஆம் ஆண்டு நன்னடத்தைச் சட்டம் 4-ஆம் பிரிவில் சிறைக்கு அனுப்பாமல் கண்காணிப்பில் விடச் சொல்லிக் கேட்கலாம். அதே சட்டம் 12-ஆம் பிரிவில், தண்டனையால் வரும் தகுதி இழப்பும் நீங்குகிறது. வேலை தேடும் வயதில் இருப்பவனுக்கு அது பெரிய விஷயம்.

எந்தக் காகிதம்? டிஸ்சார்ஜ் புக். ரிலீஸ் மெடிக்கல் போர்டு நடவடிக்கை, அதாவது ஏ.எஃப்.எம்.எஸ்.எஃப்.-16. அதில் ஷேப் என்று ஐந்து எழுத்து இருக்கும், முதல் எழுத்து எஸ், அது மனநலம். தம்பி எஸ்-1 ஆக (முழுத் தகுதி) வந்தானா, எஸ்-2 ஆக (குறைந்த தகுதி) வந்தானா என்று பாருங்கள். சர்வீசில் இருக்கும்போதே மிலிட்டரி ஆஸ்பத்திரியில் மனநல வார்டில் படுத்திருந்தால், அந்தக் கேஸ் ஷீட் சம்பவத்துக்கு முன் தேதியில் இருக்கிறது. கேஸ் வந்த பிறகு வாங்கிய சான்றிதழை எந்த அரசு வக்கீலும் ஒரே கேள்வியில் கிழித்துவிடுவார். முன் தேதிக் காகிதத்தை அப்படிக் கிழிக்க முடியாது.

ஒரு வழக்கில் எனக்கு முன்னால் இருந்த வக்கீலிடம், தான் பட்டாளத்தில் இருந்ததையே கட்சிக்காரர் சொல்லவில்லை. மெடிக்கல் போர்டு காகிதம் ட்ரங்குப் பெட்டிக்குள், மெடல்களுக்கு அடியில் கிடந்தது. மானம் போய்விடும் என்று நினைத்தாராம். தண்டனை ஆன பிறகுதான் மனைவி எடுத்துக்கொண்டு வந்தார்.

அவன் வெளியே இருந்தால் முன்னாள் படைவீரர்களுக்கான இ.சி.எச்.எஸ். பாலிகிளினிக்கில் மனநல மருத்துவருக்கு ரெஃபரல் வாங்குங்கள். உள்ளே இருந்தால் மருந்துச் சீட்டின் நகலைச் சிறை மருத்துவரிடம் கொடுங்கள், மருந்து திடீரென நிற்கக் கூடாது. இரவில் பேச ஆள் வேண்டுமென்றால் 14416, டெலி மானஸ் என்ற மனநல உதவி எண், தமிழிலும் பேசுவார்கள். குடித்திருந்தானா? நீங்கள் எழுதவில்லை, ஆனாலும் சொல்கிறேன். தானாகக் குடித்த போதை காப்பு ஆகாது.

கேள்வி: அமெரிக்காவில் முன்னாள் படைவீரருக்குத் தனி நீதிமன்றமே இருக்கிறதாமே?

பதில்: இருக்கிறது. 2008-இல் நியூயார்க் மாநிலம் பஃபலோ நகரில் நீதிபதி ராபர்ட் ரஸ்ஸல் தொடங்கினார். அதற்கு முன்பே 2004-இல் அலாஸ்காவின் ஆங்கரேஜில் ஒன்று வந்துவிட்டது. போதை வழக்குகளுக்கும் மனநல வழக்குகளுக்கும் ரஸ்ஸல் நடத்திவந்த நீதிமன்றங்களில் படைவீரர்கள் தனியாகத் தெரிந்ததால் இதை அமைத்தார். முன்னாள் வீரர் ஒருவரையே வழிகாட்டியாக ஒவ்வொருவருக்கும் இணைக்கிறார்கள். சிகிச்சை, சோதனை, அடிக்கடி நீதிபதி முன் நிற்பது என்று ஒரு வருஷத்துக்கு மேல் ஓடும். முடித்தால் வழக்கு தள்ளுபடியாகலாம், தண்டனை குறையலாம். பாதியில் விட்டால் பழைய வழக்கு காத்திருக்கும்.

2009-இல் அவர்களுடைய உச்ச நீதிமன்றம் போர்ட்டர் என்ற முன்னாள் வீரரின் வழக்கில், கொரியப் போரில் அவர் பட்டதை வக்கீல் நீதிமன்றத்தில் சொல்லவே இல்லை என்பதற்காக மரண தண்டனைக்கு எதிராகத் தீர்ப்புச் சொன்னது. ட்ரங்குப் பெட்டிக் கதை அங்கேயும்தான்.

எதிர்க் கேள்வி (முன்பு கேட்டவரே): நம்மிடமும் நடந்ததே! நானாவதி கடற்படை என்பதால்தானே விட்டார்கள்?

பதில்: இதை எங்கிருந்துதான் பிடிக்கிறீர்களோ. கே.எம். நானாவதி 1959-இல் மனைவியின் காதலரைச் சுட்டுக் கொன்றபோது பணியில் இருந்த கடற்படை அதிகாரி, ஓய்வு பெற்றவர் இல்லை. ஜூரி அவரைக் குற்றமற்றவர் என்றது. உயர் நீதிமன்றம் அதை மாற்றி ஆயுள் தண்டனை கொடுத்தது, 1961-இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. 1964-இல் மகாராஷ்டிர ஆளுநர் மன்னிப்புக் கொடுத்தார். எந்த நீதிமன்றமும் சீருடைக்காக அவரை விடவில்லை. பத்திரிகையும் செல்வாக்கும் பின்னால் நின்றன. ஆளுநருக்கு ஆள் வைத்திருக்கிறீர்களா?

எதிர்க் கேள்வி (ஒரு கல்லூரி மாணவர்): விவசாயிக்கும் மன அழுத்தம் உண்டு, அவருக்கு ஏன் தனி நீதிமன்றம் இல்லை? படைவீரர் என்றால் தனிச் சலுகையா?

பதில்: நியாயமான கேள்வி தம்பி. சலுகை கேட்கவில்லை. அரசு ஒருவனைச் சுடப் பழக்குகிறது, எட்டு மாதம் பனியில் நிறுத்துகிறது, பிறகு ஒரு டிஸ்சார்ஜ் புக்கைக் கொடுத்து ரயிலேற்றி விடுகிறது. அந்தக் காயத்தில் அரசுக்கும் பங்கு உண்டு என்கிறேன். விவசாயிக்கும் வேண்டும் என்றால் நான் மறுக்கமாட்டேன்.

எதிர்க் கேள்வி (பெயர் சொல்ல விரும்பாத ஒரு பெண்): நீங்கள் எல்லோரும் அடித்தவனைப் பற்றியே பேசுகிறீர்கள். பதினோரு வருஷமாக அடி வாங்குவது நான். அவர் நல்ல சோல்ஜராம், எல்லோரும் சொல்கிறார்கள். வீட்டில் லைசென்ஸ் துப்பாக்கியும் இருக்கிறது.

பதில்: அம்மா, மன்னியுங்கள். மேலே எழுதியதைத் திரும்பப் படித்தேன், அடி வாங்கியவரைப் பற்றி ஒரு வரி கூட இல்லை.

முதலில் துப்பாக்கி. மிரட்டியதை எழுதி மாவட்ட ஆட்சியருக்கும் எஸ்.பி.க்கும் மனு கொடுங்கள். ஆயுதச் சட்டம் 17-ஆம் பிரிவில் பொது அமைதிக்கும் பாதுகாப்புக்கும் வேண்டுமென்றால் லைசென்சை நிறுத்தி வைக்கலாம், ரத்தும் செய்யலாம். தண்டனை வரும் வரை காத்திருக்கத் தேவையில்லை. அடுத்தது பெண்கள் உதவி எண் 181-க்குப் பேசுங்கள், 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டத்தில் பாதுகாப்பு ஆணையும், அதே வீட்டில் குடியிருக்கும் உரிமையும் கேட்கலாம். ஜீவனாம்சம் பி.என்.எஸ்.எஸ். 144. பெண்ணுக்கும் வருமான வரம்பில்லாமல் இலவச வக்கீல் உண்டு. அவருக்குச் சிகிச்சை கிடைப்பது நல்லதுதான், ஆனால் அது கிடைக்கும் வரை நீங்கள் அந்த வீட்டில் அடி தாங்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. அவருடைய பழைய யூனிட்காரர்கள் "அனுசரித்துப் போம்மா" என்று வருவார்கள். அவர்களிடம் இந்தப் பதிலைக் காட்டுங்கள்.

கேள்வி: சாப், பென்ஷன்...

பதில்: மூன்றாவது முறை. மேலே.

கேள்வி (பேங்க் செக்யூரிட்டி): என் டபுள் பேரல் துப்பாக்கியோடுதான் டியூட்டி. அடிதடி வழக்கில் பெயர் சேர்த்துவிட்டார்கள். என்ன செய்ய?

பதில்: துப்பாக்கியைக் கேட்பதற்கு முன் நீங்களே ஸ்டேஷனில் ஒப்படைத்து ரசீது வாங்குங்கள். ரசீது இல்லாமல் வீடு திரும்பாதீர்கள். வேலை போனாலும் திரும்ப வரும். வழக்கு இருக்கும் நேரத்தில் அதை வீட்டில் வைத்திருந்தால், நாளை யார் எதைச் சொன்னாலும் நம்பப்படும்.

கேள்வி: ராணுவத்தில் சேர்த்துவிடச் சொல்லி ஐந்து லட்சம் கொடுத்தார்கள். நான் ஒருவரிடம் வாங்கிக் கொடுத்தேன், அவன் ஓடிவிட்டான். நான் ஏமாற்றவில்லையே?

பதில்: ஏமாந்தவர் கண்ணுக்கு நீங்கள்தான் ஏமாற்றினவர், பணம் உங்கள் கை வழியாகப் போயிருக்கிறது. மோசடி, ஏழு ஆண்டு வரை. பணம் போன வழிக்கான வங்கிக் கணக்கு, செய்திகள் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு வக்கீலோடு போய் அந்த ஆள் மேல் நீங்களே புகார் கொடுங்கள். பர்த்திக்கு, அதாவது ஆள்சேர்ப்புக்கு, பணம் வாங்குகிறவன் எவனும் உண்மை ஏஜென்ட் இல்லை. இருபது வருஷம் உள்ளே இருந்த உங்களுக்கு அது தெரியாதா?

கேள்வி: எஃப்.ஐ.ஆரை ரத்து செய்ய சென்னை ஆயுதப்படைத் தீர்ப்பாயத்துக்குப் போகலாமா?

பதில்: முடியாது. தீர்ப்பாயம் பென்ஷன், பதவி, கோர்ட் மார்ஷல் அப்பீலுக்கு. எஃப்.ஐ.ஆர். ரத்துக்கு உயர் நீதிமன்றம், பி.என்.எஸ்.எஸ். 528.

கேள்வி: டிஸ்மிஸ் ஆனவன் நான், பென்ஷன் இல்லை. கேன்டீன் கார்டு மச்சானுடையது. அவன் கோட்டாவில் நாலு பாட்டில் விற்றதற்கு மதுவிலக்கு போலீஸ் பிடித்துவிட்டது.

பதில்: முதல் பாராவைப் படித்துவிட்டுத்தான் வந்தீர்களா? வாங்குகிற திட்டு உங்களுக்கு ஒரு பங்கு, மச்சானுக்கு இரண்டு பங்கு. அவர் கார்டும் முடங்கும். 1937-ஆம் ஆண்டு மதுவிலக்குச் சட்டத்துக்கு மிலிட்டரி முத்திரை போட்ட பாட்டில் இன்னும் வசதி, எங்கிருந்து வந்தது என்று தேடவே வேண்டாம். டிஸ்மிஸ் ஆனவருக்கும் காவலில் இலவச வக்கீல் உண்டு, கேளுங்கள். பென்ஷன் இழந்ததை எதிர்த்துத் தீர்ப்பாயம் போவது தனிக் கதை, டிஸ்மிஸ் உத்தரவோடு நேரில் வாருங்கள்.

கேள்வி (ஓய்வு பெற்ற லான்ஸ் நாயக்): என் பல்டன் (படைப்பிரிவு) ஆள் ஒருத்தன் ஒன்றரை வருஷமாக விசாரணைக் கைதி. குடும்பம் கைவிட்டுவிட்டது. சட்டம் எதுவும் எனக்குத் தெரியாது. என்ன செய்யலாம்?

பதில்: சிறையில் மனு போட்டு அவரை நேரில் பாருங்கள். பார்க்கும்போது எந்தப் பிரிவில் வழக்கு, வேறு வழக்கு உண்டா என்று மட்டும் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். மரணமோ ஆயுளோ இல்லாத ஒரே வழக்காக இருந்து, இது அவருக்கு முதல் குற்றமென்றால், அதிகபட்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு காலம் உள்ளே இருந்தாலே பி.என்.எஸ்.எஸ். 479-இல் வெளியே விடச் சொல்லிக் கேட்கலாம். ஒன்றரை வருஷம் என்கிறீர்கள், மூன்று வருஷத் தண்டனைப் பிரிவு என்றால் அது எப்போதோ வந்துவிட்டது. அந்தத் தாளோடு சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். போகும்போது அவருடைய டிஸ்சார்ஜ் புக்கின் நகல் மட்டும் கொண்டுபோங்கள், அசலை ஜாமீனுக்கு ஈடாக யாரிடமும் கொடுக்காதீர்கள். அசல் எங்கே இருக்கிறது என்று அவரிடமே கேளுங்கள். ட்ரங்குப் பெட்டியில்தான் இருக்கும்.