எட்டு மாதக் குழந்தையைப் பாட்டியிடம் விட்டுவிட்டு வெளிநாட்டு வேலைக்குப் போனால் அது பிற்காலத்தில் குழந்தையைப் பாதிக்குமா?

மஸ்கட்டில் நர்ஸ் வேலை கிடைத்திருக்கிறது, ரெண்டு வருட ஒப்பந்தம், பிள்ளையை உங்கள் அம்மாவிடம் விட்டுவிட்டுப் போகப் போகிறீர்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். "ஓர்மை (ஞாபகம்) நிக்காத வயசு, இப்போ போறதுதான் நல்லது" என்கிறார் கணவர். "பெத்தவ வளர்க்காத பிள்ளை உருப்படாது" என்கிறார் மாமியார். ரெண்டு பேர் சொல்வதையும் என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை. நானும் அப்படி வளர்ந்தவள்தான். அப்புறம், தக்கலை பக்கம் ஒரு பள்ளியில் 11 வருடமாக எல்கேஜி டீச்சராக இருக்கிறேன். அதனால் கொஞ்சம் நீட்டி எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் ஊர் கருங்கல் பக்கம். அம்மா சவுதியில் நர்ஸ், அப்பாவுக்கும் அங்கேதான் வேலை. எனக்கு ஒன்பது மாதம் ஆனபோது அம்மா லீவு முடிந்து கிளம்பிவிட்டார். என்னை வளர்த்தது அம்மாவின் அம்மா. ஆச்சி அதுவரை அண்டியாபீசுக்குப் போய்க்கொண்டிருந்தார் (முந்திரி ஆலையை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம்). வருடக்கணக்கில் அண்டி உடைத்த கை. தோட்டு எண்ணெய் பட்டுப் பட்டு விரல் நுனியெல்லாம் வெந்து, காய்த்து, அரம் மாதிரி இருக்கும். எனக்காக வேலையை விட்ட பிறகும் அந்தச் சொரசொரப்பு போகவில்லை. ராத்திரி ஆச்சியின் ஆள்காட்டி விரல் நுனியை என் பெருவிரலால் தடவிக்கொண்டேதான் தூங்குவேன். விரலை உருவினால் முழித்துவிடுவேனாம்.

அம்மா முதல் லீவில் வந்தபோது எனக்கு மூன்று வயது. திருவனந்தபுரம் ஏர்போர்ட்டிலிருந்து கார் வந்து நிற்கிறது. அத்தரும் சாக்லேட்டும் கலந்த ஒரு வாசனையோடு ஒரு பெண் இறங்கிக் கையை நீட்டுகிறாள். நான் ஆச்சியின் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். "மக்களே, அம்மை வந்திருக்கா பாரு" என்று ஆச்சி முன்னால் தள்ளத் தள்ள நான் பின்னால் போனேன். முற்றத்தில் நின்றவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். அம்மாவும் சிரித்தார். ராத்திரி முழுக்க அழுதார் என்பது எனக்குக் கல்யாணமான பிறகுதான் தெரியும்.

அதெல்லாம் எனக்கு வலித்த மாதிரி ஞாபகமே இல்லை. வலித்தது வேறு. எனக்கு ஐந்தரை வயதில் அம்மாவும் அப்பாவும் ஒரேயடியாகத் திரும்பி வந்தார்கள். என் பள்ளிக்கூடத்துக்காக நாகர்கோவிலில் வீடு எடுத்தார்கள். ஆச்சியும் கூட வந்து ரெண்டு ராத்திரி தங்கினார். மூன்றாம் நாள் விடிவதற்கு முன்னால் முதல் பஸ்ஸைப் பிடித்துப் போய்விட்டார். "பிள்ளை முழிச்சா விடாது மாமி, ஒறங்கும்போதே போயிருங்க" என்று அப்பா சொன்னாராம். நல்லதுக்குத்தான் சொன்னார். நான் எழுந்து ஒவ்வொரு அறையாகப் பார்த்தேன். குளிமுறி, வீட்டின் பின்புறம், வாசல். அழவில்லை. "சமத்துப் பிள்ளை, அழவே இல்லை" என்று அம்மா எல்லோரிடமும் சொன்னார். அதற்கப்புறம் மூன்று மாதம், நிறுத்தியிருந்த பழக்கம் திரும்ப வந்து பாயை நனைத்தேன். கோரைப்பாயின் ஓரம் சொரசொரவென்று இருக்குமில்லையா, அதைத் தடவிக்கொண்டுதான் தூங்கினேன். இன்றைக்கும் வீட்டில் யாராவது சொல்லாமல் வெளியே போய்விட்டால் எனக்கு நெஞ்சு படபடக்கும். பால் வாங்கப் போனாலும் என் கணவர் உள்ளே எட்டிப் பார்த்துச் சொல்லிவிட்டுத்தான் போவார். கல்யாணமான முதல் வருடம் இதற்காகவே நாலைந்து சண்டை நடந்தது.

பிள்ளைக்கும் வளர்ப்பவருக்கும் உள்ள பிணைப்பை ஆராய்கிற துறையைத் தொடங்கி வைத்தவர் ஜான் பௌல்பி என்ற ஆங்கிலேய மனநல மருத்துவர். 1951-இல் உலக சுகாதார நிறுவனத்துக்காக அவர் எழுதிய அறிக்கைக்குப் பிறகுதான் தாயைப் பிரிந்த பிள்ளை கெட்டுப்போகும் என்ற பேச்சு உலகமெங்கும் பரவியது. உங்கள் மாமியார் சொல்வதற்கு அறிவியல் சட்டை போட்டுவிட்டவர் என்றுகூடச் சொல்லலாம். ஆனால் அவருடைய சொந்தக் கதையைப் பாருங்கள். லண்டனில் வசதியான குடும்பம். அந்தக் கால வழக்கப்படி பிள்ளைகள் அம்மாவைப் பார்ப்பதே நாளில் கொஞ்ச நேரம்தான், வளர்த்ததெல்லாம் ஆயா. பௌல்பிக்கு நாலு வயது இருக்கும்போது அந்த ஆயா வேலையை விட்டுப் போய்விட்டார். பாசமாக வளர்த்த ஆயா அந்தப் பருவத்தில் போய்விடுவது, தாயை இழப்பதற்குக் கிட்டத்தட்டச் சமமான துயரம் என்று பின்னாளில் அவரே எழுதினார். அதைப் படித்த அன்று நான் சமையலை அப்படியே போட்டுவிட்டு வெகுநேரம் திண்ணையில் உட்கார்ந்திருந்தேன்.

ஆக, பிள்ளை யாரைப் பிடித்துக்கொள்கிறது என்பதுதான் முதல் விஷயம். ஸ்காட்லாந்தில் கிளாஸ்கோ நகரத்தில் ஷாஃபர், எமர்சன் என்ற இருவர் 60 குழந்தைகளை மாதாமாதம் போய்ப் பார்த்து 1964-இல் எழுதினார்கள். ஏழெட்டு மாதத்தில் குழந்தை 'எனக்கு இன்னார்தான் வேண்டும்' என்று ஆளைத் தேர்ந்தெடுக்கத் தொடங்குகிறது. ஒன்றரை வயதுக்குள் பெரும்பாலான குழந்தைகளுக்கு அப்படி ஒருவருக்கு மேல் இருந்தார்கள்: அம்மா, அப்பா, பாட்டி, அண்ணன். சோறூட்டியவர், கூட அதிக நேரம் இருந்தவர் என்பதைவிட, குழந்தை கூப்பிட்டால் உடனே திரும்பிப் பார்த்தவர் யார் என்பதே கணக்கில் நின்றது. ஹாரி ஹார்லோ 1958-இல் வெளியிட்ட குரங்குக்குட்டி ஆய்வும் இதே பக்கம்தான் சாய்கிறது. பால் கொடுக்கும் கம்பிப் பொம்மையை விட்டுவிட்டு, துணி சுற்றிய பொம்மையைத்தான் குட்டிகள் நாள் முழுக்கக் கட்டிக்கொண்டிருந்தன. (அந்தக் குட்டிகளுக்குச் செய்த கொடுமையை நினைத்தால் எனக்கு இன்னும் ஆறவில்லை. அது வேறு கதை.)

உங்கள் கணவரின் கணக்கு தப்புவது இந்த இடத்தில்தான். ஓர்மை நிற்காது என்பது உண்மை. ஆனால் எட்டு மாதம் என்பது பிள்ளை ஆளைப் பிடித்துக்கொள்கிற நேரம். புது முகம் கண்டால் முகத்தைத் திருப்பி உங்கள் தோளில் புதைக்கிறதா? அப்படியானால் தொடங்கிவிட்டது.

இதைக் கண்ணால் பார்க்கிற மாதிரி ஆய்வு செய்தவர் மேரி எய்ன்ஸ்வொர்த். 1950-களில் உகாண்டாவில் வீடு வீடாகப் போய் உட்கார்ந்து தாய் பிள்ளைகளைப் பார்த்தவர், பிறகு அமெரிக்காவில் பால்டிமோரில் ஒரு சோதனை வைத்தார். ஒரு வயதுக் குழந்தை, பொம்மைகள் கிடக்கும் அறை, சுமார் 20 நிமிடம். தாய் கொஞ்ச நேரம் வெளியே போய்த் திரும்பி வருவார். குழந்தை அழுததா என்பதைவிட, தாய் திரும்பி வந்ததும் என்ன செய்தது என்பதில்தான் அவர் கண் இருந்தது. பெரும்பாலான பிள்ளைகள் ஓடி வந்து ஒட்டிக்கொண்டு, ஆறிப்போய், மறுபடி விளையாடப் போய்விடும். சில பிள்ளைகள் தூக்கச் சொல்லி அழும், தூக்கினால் உதைக்கும். இன்னும் சில, தாய் வந்ததையே கண்டுகொள்ளாமல் பொம்மையைப் பார்த்துக்கொண்டிருக்கும். இந்தக் கடைசி வகைதான் 'சமத்து'. பிற்பாடு அந்தக் குழந்தைகளின் இதயத் துடிப்பை அளந்தால், அதுவும் மற்றவர்களைப் போலவே எகிறித்தான் இருந்தது.

எங்கள் பள்ளியில் ஜூன் முதல் வாரம் காலை ஒன்பது மணிக்கு வந்து பாருங்கள், கோயில் கொடை தோற்றுப்போகும். வாசலில் பிள்ளைகள் அழுவதைத்தான் எல்லோரும் பார்ப்பார்கள். நான் சாயங்காலம் மூன்று மணியைப் பார்ப்பேன். காலையில் என் சேலையைக் கிழித்த பிள்ளை, பாட்டா (தாத்தா) வந்ததும் ஓடிப்போய் அவர் கால் முட்டைக் கட்டிக்கொண்டு "டீச்சர் அடிச்சா" என்று பொய் சொல்லும். அந்தப் பிள்ளையைப் பற்றி எனக்குக் கவலையே இல்லை. ஒரு வருடம் ஒரு பையன் இருந்தான். அப்பா தங்கல் தொழில், கடலுக்குப் போனால் ஒரு மாதம், ஒன்றரை மாதம். அவர் கூட்டிப்போக வரும் நாளில் இவன் பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டு, அவர் முகத்தைப் பார்க்காமல் இரண்டடி முன்னால் நடப்பான். பாவம், அவர் பின்னாலேயே வருவார். நாலைந்து நாள் ஆனதும் கையைப் பிடிப்பான். அப்போது மறுபடியும் படகுக்கு நேரமாகிவிடும். நாலு வயதுப் பிள்ளையை வாசலில் வைத்து அளப்பது ஆய்வு இல்லை, அது எனக்கும் தெரியும்.

சரி, பிற்காலம். இது ஜாதகம் மாதிரி எழுதி வைத்தது இல்லை. அமெரிக்காவின் மினசோட்டாவில் 1970-களில் பிறந்த பிள்ளைகளைப் பெரியவர்களாகும் வரை தொடர்ந்து பார்த்தார்கள். சின்ன வயதில் பிணைப்பு உறுதியாக இருந்தவர்கள் பள்ளியில் சுலபமாகக் கூட்டு சேர்ந்தார்கள், கோபத்தை அடக்கிக்கொண்டார்கள், டீச்சரிடம் கூச்சமில்லாமல் உதவி கேட்டார்கள். ஆனால் நடுவில் வீட்டு நிலைமை மாறினால் பிள்ளையின் போக்கும் மாறியது, இரண்டு பக்கமும். உண்மையில் பயப்பட வேண்டிய நிலைமை, யாருமே இல்லாமல் இருப்பது. ருமேனியாவில் 1989-இல் ஆட்சி கவிழ்ந்த பிறகு அனாதை விடுதிகளின் நிலை வெளியே வந்தது. 2000-இல் தொடங்கிய புக்கரெஸ்ட் ஆய்வில் 136 குழந்தைகளை எடுத்துக்கொண்டு, பாதிப் பேரை வளர்ப்புக் குடும்பங்களில் சேர்த்தார்கள். போனவர்கள் தேறினார்கள். அதிலும் இரண்டு வயதுக்குள் போனவர்கள் நன்றாகவே தேறினார்கள். உங்கள் அம்மா வீட்டை அந்த விடுதியோடு யாராவது ஒப்பிட்டுப் பேசினால் காதில் போட்டுக்கொள்ளாதீர்கள்.

இன்னொரு விஷயம். என் அம்மா ஏன் அவ்வளவு சுலபமாகக் கிளம்பினார் என்று எனக்கு ரொம்ப நாள் கோபம். அம்மா சின்னப் பிள்ளையாக இருந்தபோது ஆச்சி விடிந்ததும் அண்டியாபீசுக்குப் போய்விடுவார், ஐந்து பிள்ளைகள். கடைக்குட்டியான அம்மாவை ஒக்கலில் தூக்கி வளர்த்தது பத்து வயது பெரியம்மா. எனக்குக் கிடைத்த ஆச்சி அம்மாவுக்குக் கிடைக்கவில்லை! மேரி மெயின் என்ற ஆய்வாளர் பெற்றோர்களிடம் அவர்களுடைய சிறுவயதைப் பற்றிக் கேட்டுப் பதிவு செய்து 1985-இல் வெளியிட்டார். சிறுவயது நன்றாக இருந்ததா, கஷ்டமாக இருந்ததா என்பதைவிட, அதை மழுப்பாமல், கோர்வையாகச் சொல்ல வந்ததா என்பதோடுதான் அவர்களுடைய பிள்ளைகளின் பிணைப்பு அதிகம் ஒத்துப்போனது. பெரியம்மா கதையை அம்மா எனக்குச் சொன்னது போன ஓணத்துக்கு முந்தின நாள், மரச்சீனி உரித்துக்கொண்டே. நாற்பது வருடம் கழித்து.

உங்களுக்கு நான் சொல்வது இதுதான். போவதென்றால் போங்கள், குற்ற உணர்ச்சியில் பாதி உயிரை அங்கே தொலைக்காதீர்கள். ஆனால் போவதற்கு ஒரு மாதம் முன்பே, நீங்கள் வீட்டில் இருக்கும்போதே, குளிப்பாட்டுவதையும் தூங்க வைப்பதையும் அம்மா கைக்கு மாற்றுங்கள். ரெண்டு வருடத்தில் அம்மாவிடமிருந்து மாமியார், அங்கிருந்து சித்தி என்று பிள்ளையைக் கை மாற்றாதீர்கள். வீடியோ காலில் உங்கள் முகம் மட்டும் போதாது. பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து "அம்மை பாரு, அம்மை சிரிக்கா" என்று சொல்லிக்கொடுக்க வேண்டும். திரும்பி வரும்போது பிள்ளை ஒளிந்துகொள்ளும். அது உங்களை வெறுப்பதில்லை, வளர்த்தவரை நன்றாகப் பிடித்துக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். அன்றைக்கே தூக்கிக்கொண்டு தனி வீட்டுக்குப் போகாதீர்கள். மாதக்கணக்கில் உங்கள் அம்மாவும் கூடவே இருக்கட்டும். பாலை எப்படி நிறுத்துவது என்றும் கேட்டிருந்தீர்கள், அதை உங்கள் டாக்டரிடமே கேட்டுவிடுங்கள்.

போன மாதம் என் அம்மா எங்கள் வீட்டில் ஒரு வாரம் தங்கிவிட்டு அதிகாலை பஸ்ஸுக்குக் கிளம்பினார். என் மகளுக்கு மூன்று வயது, பாட்டி என்றால் உயிர். "ஒறங்கட்டும்மா, முழிச்சா உங்களை விடமாட்டா" என்று நான்தான் சொன்னேன். அம்மா என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு உள்ளே போய், லைட்டைப் போட்டு, பிள்ளையை உலுக்கி எழுப்பி, "மக்களே, பாட்டி ஊருக்குப் போறேன், ஞாயித்துக்கிழமை வருவேன்" என்று சொன்னார். அது தெருமுனை வரைக்கும் கேட்கிற மாதிரி அலறியது. அரை மணி நேரத்தில் தோசை கேட்டது.