‘செட்’ என்ற ஒரு சொல்லுக்கு எத்தனை பொருள்? மதுரைப் பக்கப் பேச்சை வைத்து ஒரு பதில்

கேள்வி: ஆங்கிலத்தில் ‘செட்’ என்ற சொல்லுக்கு நூற்றுக்கணக்கில் பொருள் இருப்பதாகச் சொல்கிறார்கள். பம்புசெட், செட் பரோட்டா, சிமெண்ட் செட் ஆவது, ‘எனக்கு செட் ஆகல’ எல்லாம் ஒரே சொல்தானா? எப்படிப் பிரித்துப் புரிந்துகொள்வது?

பதில்:

ஒரே சொல் இல்லை. ஒரே எழுத்துக்கூட்டலில் வந்து நிற்கும் இரண்டு சொற்கள். இது தெரிந்துவிட்டால் பாதிக் குழப்பம் போய்விடும்.

ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதியின் 1989ஆம் ஆண்டு இரண்டாம் பதிப்பில் ‘செட்’டுக்கு 430 பொருள் கொடுத்திருந்தார்கள். அந்தப் பதிப்பில் மிக நீளமான பதிவு அதுதான். அதை மனப்பாடம் செய்ய உட்காருவது வீண் வேலை. வேர் இரண்டுதான்.

முதல் வேர் பழைய ஆங்கில வினை. ‘சிட்’ என்றால் உட்கார்வது, ‘செட்’ என்றால் உட்கார வைப்பது. நம்மிடம் இரு–இருத்து, கிட–கிடத்து, நில்–நிறுத்து என்று இருப்பதே அங்கே உயிரெழுத்தை மட்டும் மாற்றி நடக்கிறது. வைப்பது, பதிப்பது, இறுகி நிற்பது, சூரியன் இறங்குவது எல்லாம் இந்தக் குடும்பம்.

இரண்டாவது, பிரெஞ்சு வழியாக வந்த பெயர்ச்சொல். லத்தீன் மூலம் ‘செக்டா’. ஒரு வழியைப் பின்பற்றும் கூட்டம். மதப் பிரிவைக் குறிக்கும் ‘செக்ட்’ இதன் உடன்பிறப்பு. ஆள் கூட்டமோ பொருள் தொகுப்போ, சேர்ந்து நிற்பதெல்லாம் இங்கே வரும். காலப்போக்கில் இரண்டும் ஒன்றோடொன்று கலந்துபோனதால் எல்லைக்கோட்டில் சில பொருள்கள் எந்தப் பக்கம் என்று சொல்ல முடியாது. அதைப் பற்றிக் கவலை வேண்டாம்.

தமிழில் இதைப் பிரிக்க எளிய சோதனை ஒன்று இருக்கிறது. ‘செட்’டுக்கு முன்னால் எண் வைக்க முடிந்தால் (‘ஒரு செட்’, ‘ரெண்டு செட்’) அது கூட்டம். பின்னால் ‘ஆகு’, ‘பண்ணு’, ‘வை’ வந்தால் அது இருத்துதல். ஆங்கிலத்தில் காங்கிரீட் தானாக இறுகுவதற்கும் ஒருவர் அலாரம் வைப்பதற்கும் அதே ‘செட்’தான், வாக்கியத்தைப் பார்த்துத்தான் பிரிக்க வேண்டும். நாம் ‘ஆச்சு’, ‘பண்ணினான்’ என்று சேர்த்து அந்தச் சிக்கலை முதலிலேயே தீர்த்துவிட்டோம்.

கூட்டத்தில் இருந்து தொடங்குவோம். மதுரை பரோட்டாக் கடையில் ‘ஒரு செட்’ என்றால் பெரும்பாலும் இரண்டு. பூரிக்கும் தோசைக்கும் எண்ணிக்கை கடைக்குக் கடை மாறும். இரண்டு வைப்பவர்களும் உண்டு, மூன்று வைப்பவர்களும் உண்டு. விலைப்பலகையில் ‘செட்’ என்று மட்டும் போட்டிருந்தால் உட்காரும் முன்பே எத்தனை என்று கேட்டுவிடுவது நல்லது. கொடைத் திருவிழாவுக்கு நையாண்டி மேள ‘செட்’ பேசும்போது இது இன்னும் முக்கியம். நாதஸ்வரம், தவில், பம்பை, உறுமி, தமுக்கு, தாளம் என்று ஆள் கணக்கு இருக்கிறது. ‘ஒரு செட் மேளம்’ என்று மட்டும் சொல்லி முன்பணம் கொடுத்தால் எத்தனை நாதஸ்வரம், எத்தனை தவில் என்பதில் கடைசி நேரத்தில் தகராறு வரும். வாத்தியத்தை ஒவ்வொன்றாக எண்ணிப் பேச வேண்டும். கரகாட்டம் சேர்ந்ததா, தனியா என்பதையும் அப்போதே கேட்டுவிட வேண்டும்.

பம்புசெட்டில் ‘செட்’ என்பது மோட்டாரும் பம்பும் சேர்ந்த ஜோடி. இரண்டையும் ஒரே தண்டில் கோத்தால் மோனோபிளாக். தரைமேல் நிற்கும் பம்பு தண்ணீரை ‘இழுப்பதாக’ நினைப்பது தவறு. உள்ளே காற்றழுத்தம் குறைவதால் வெளிக்காற்று தண்ணீரை மேலே தள்ளுகிறது. கணக்குப்படி அதன் உச்சம் 10.3 மீட்டர், நடைமுறையில் 6, 7 மீட்டருக்கு மேல் நம்ப முடியாது. கிணற்றில் தண்ணீர் இறங்க இறங்க மோட்டாரையும் உள்ளே திட்டு கட்டி இறக்கியது இதனால்தான். மோட்டார் ஓடியும் தண்ணீர் வராவிட்டால் முதலில் குழாயின் அடிநுனியில் தண்ணீரைத் திரும்ப விடாமல் பிடிக்கும் ஃபுட் வால்வைப் பாருங்கள். அது கசிந்தால் குழாயில் நிற்க வேண்டிய தண்ணீர் வடிந்து, பம்பு வெறும் காற்றைச் சுற்றிக்கொண்டிருக்கும். அடுத்தது உறிஞ்சு குழாயின் இணைப்புகள். ஊசித்துளை அளவு காற்றுக்கசிவு போதும்.

நம் ஊரில் இந்தச் சொல் இன்னொரு படி தாண்டிவிட்டது. ‘பம்புசெட்டுக்குக் குளிக்கப் போறோம்’ என்பதில் பம்புசெட் இயந்திரம் இல்லை, இடம். கிணறு, மோட்டார் ரூம், தொட்டி, பக்கத்துத் தென்னை எல்லாம் சேர்த்துத்தான் அந்தப் பெயர். ஆங்கிலத்தில் அப்படியே சொன்னால் கேட்பவருக்குத் தலையும் புரியாது, வாலும் புரியாது.

மைக்செட்டும் இதே வகை: மைக், ஆம்ப்ளிஃபயர், கூம்பு ஸ்பீக்கர், வயர். இங்கே தொகுப்பு என்பது வெறும் எண்ணிக்கை இல்லை, பொருத்தமும்தான். கூம்புக்குள் இருக்கும் யூனிட்டின் மின்தடையை ஓமில் சொல்வார்கள். 16 ஓம் யூனிட் இரண்டை பேரலலாகக் கொடுத்தால் மொத்தம் 8 ஓம். நான்கைக் கொடுத்தால் 4 ஓம். ஆம்ப்ளிஃபயரில் 8 ஓம் முனையில் மாட்டிவிட்டு, ‘தெருக்கோடிக்கும் கேட்கட்டும்’ என்று கூம்பைக் கூட்டிக்கொண்டே போனால் கரண்ட் கூடி, ஆம்ப்ளிஃபயர் சூடாகி, சாமி புறப்படும் நேரத்தில் படுத்துவிடும். தூரம் அதிகமென்றால் டிரான்ஸ்ஃபார்மர் வைத்து 100 வோல்ட் லைனில் ஓட்ட வேண்டும். ‘கூய்ங்’ என்ற கூச்சலுக்குக் காரணம் மைக் கூம்புக்கு முன்னால் நிற்பது; ஆம்ப்ளிஃபயரைத் திட்டாமல் கூம்பைத் திருப்பினால் நிற்கும். ஒலிமாசு விதிகள் 2000இன்படி இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை பொதுவாக ஒலிபெருக்கி கூடாது என்பதையும் விழாக் கமிட்டிக்கு நினைவுபடுத்தலாம்.

டி.வி. செட்டும் பாகங்களின் தொகுப்புதான். அதன் தலைமேல் உட்கார்வதால் ‘செட்–டாப்’ பாக்ஸ். நாம் ‘செட்டப் பாக்ஸ்’ ஆக்கிவிட்டோம். டி.வி. சுவரில் தொங்க ஆரம்பித்தபின் பாக்ஸ் வைக்கத் தலையே இல்லை. பெயர் மட்டும் நிற்கிறது.

‘அவன் எங்க செட்டு’ என்றால் கூடப் படித்தவன், கூட்டாளி. பழைய லத்தீன் பொருளுக்கு இதுவே மிக நெருக்கம். கணக்குப் பாடத்தில் இதே சொல்தான் ‘கணம்’. ஆனால் கணத்தில் ஒரே உறுப்பை இரண்டு முறை எழுதினாலும் ஒன்றாகத்தான் கொள்வார்கள், வரிசையும் முக்கியமில்லை. கணிதப்படி நடத்தினால் செட் பரோட்டாவில் ஒன்றுக்குமேல் வைக்க வேண்டியதில்லை. கல்லாவில் யாரும் இதைப் படித்துவிட வேண்டாம்.

இனி இருத்துதல் குடும்பம். இதில் அதிகம் தப்பாகப் புரிந்துகொள்ளப்படுவது சிமெண்ட். ‘செட் ஆவது’ வேறு, ‘பலம் ஏறுவது’ வேறு. சாதாரண போர்ட்லேண்ட் சிமெண்ட் தண்ணீர் பட்ட 30 நிமிடத்துக்குள் செட் ஆகத் தொடங்கக் கூடாது, 600 நிமிடத்துக்குள் முழுக்க செட் ஆகிவிட வேண்டும் என்பது இந்தியத் தர அளவு. ஆலையில் சிமெண்டை அரைக்கும்போது ஜிப்சம் சேர்ப்பதே இந்த இடைவெளியைக் கொடுக்கத்தான். இல்லாவிட்டால் கலவை சட்டியிலேயே இறுகிவிடும். சித்திரை வெயிலில் அந்த நேரம் இன்னும் சுருங்கும். டீ குடித்துவிட்டு வந்து, இறுக ஆரம்பித்த கலவையில் தண்ணீர் ஊற்றி இளக்குவது பல இடங்களில் நடக்கிறது. அப்போது உள்ளே பிடித்துக்கொண்ட பிணைப்பு உடைகிறது, தண்ணீர் விகிதமும் ஏறுகிறது. பூச்சு பார்க்க நன்றாக இருக்கும், பின்னால் உதிரும். செட் ஆனபின் பலம் ஏற ஈரம் வேண்டும். சாதாரண சிமெண்டுக்குக் குறைந்தது 7 நாள், சாம்பல் கலந்த பி.பி.சி.க்கு 10 நாள். மதுரை மாதிரி வறண்ட வெயில் உள்ள ஊரில் முறையே 10, 14 என்று வைத்துக்கொள்வது சரி. ‘செட் ஆயிருச்சு, தண்ணி ஊத்த வேணாம்’ என்பவர் இரண்டையும் ஒன்றாக நினைக்கிறார்.

சமையலறையில் ‘செட்’ ஆவதற்கு மதுரையில் நல்ல உதாரணம் ஜிகர்தண்டாவுக்குப் போடும் கடல்பாசி. 1 லிட்டர் தண்ணீருக்கு சுமார் 10 கிராம் போதும். ஊறவைத்துக் கொதிக்கவிட்டு, ஒரு இழைகூடத் தெரியாமல் கரைய வேண்டும். அரைகுறையாகக் கரைந்தால் மேலே நீர், கீழே கட்டி என்று நிற்கும். கரைந்தது 32–40 டிகிரி செல்சியஸுக்கு இறங்கும்போது செட் ஆகும். மறுபடி உருக சுமார் 85 டிகிரி வேண்டும். அதனால்தான் நம் வெயிலில் வெளியே வைத்தாலும் கடல்பாசி கலையாமல் நிற்கிறது. ஜெலட்டின் அதே வெயிலில் ஓடிவிடும். எலுமிச்சை மாதிரி புளிப்பைச் சேர்த்துக் கொதிக்க வைத்தால் பிடிமானம் போய்விடும், இறக்கியபின் சேர்க்க வேண்டும். பாதாம் பிசின் கதை வேறு. அது இரவு முழுக்க ஊறி உப்பும், அவ்வளவுதான். அச்சில் ஊற்றிக் காத்திருந்தால் துண்டாக வராது. பாலுக்கு மட்டும் நம்மிடம் ‘உறை’ என்ற சொல் இன்னும் திடமாக இருப்பதால் தயிர் பெரும்பாலும் உறைகிறது, செட் ஆவதில்லை.

ரம்பத்துக்கும் செட் உண்டு. பற்களை ஒன்றுவிட்டு ஒன்று இடமும் வலமுமாக லேசாக வளைப்பது. வெட்டும் கோடு தகட்டின் தடிமனைவிட அகலமாக இருந்தால்தான் ரம்பம் மரத்துக்குள் சிக்காமல் போகும். பல் கூராக இருந்தும் ரம்பம் இறுகிப் பிடித்தால் செட் தேய்ந்திருக்கிறது. பல்லின் மேல்பாதியை மட்டும் வளைக்க வேண்டும். அடியோடு வளைத்தால் பல் ஒடியும். அளவுக்கு மேல் விரித்தால் மரம் தூளாகப் போகும்.

இரண்டு வேரும் ஒரே மைதானத்தில் இருப்பது வாலிபாலில். 25 புள்ளி சேர்ந்தது ஒரு செட் (ஐந்தாவது மட்டும் 15), அது தொகுப்பு. அடிப்பவருக்கு வாகாகப் பந்தைத் தூக்கி வைப்பதும் செட், அது இருத்துதல். அதைச் செய்பவர் செட்டர்.

கோர்ட்டில் வரும் ‘செட் அசைடு’ கவனிக்க வேண்டியது. பணத்தை அசைடு பண்ணினால் சேமிப்பு. தீர்ப்பை அசைடு பண்ணினால் ரத்து. நீங்கள் ஆஜராகாததால் சிவில் கோர்ட்டில் உங்களுக்கு எதிராக ஒருதலைப்பட்சத் தீர்ப்பு வந்துவிட்டால், அதை ‘செட் அசைடு’ பண்ணக் கேட்கும் மனுவுக்குக் காலம் 30 நாள். அது தீர்ப்புத் தேதியிலிருந்து எண்ணப்படும்; சம்மன் முறையாக வந்து சேரவில்லை என்றால் தீர்ப்பு தெரிந்த தேதியிலிருந்து. தாமதமானால் தாமதத்தை மன்னிக்கக் கேட்டுத் தனி மனு போட வேண்டும். கல்லூரி ஆசிரியர் பணிக்கான ‘நெட், செட்’ தகுதித் தேர்வில் வரும் ‘செட்’ இந்த இரண்டு வேரிலும் சேராது, அது மூன்று சொற்களின் முதலெழுத்து.

‘எனக்கு செட் ஆகல’ முழுக்க நம் தயாரிப்பு. சட்டை, ஊர், வேலை, மாப்பிள்ளை எதற்கும் சொல்கிறோம். இதை அப்படியே ஆங்கிலத்தில் ‘நாட் செட்டிங் ஃபார் மீ’ என்றால் அங்கே பொருள் இல்லை. அங்கே ‘சூட்’. அளவு சரியில்லை என்றால் ‘ஃபிட்’. நேர்காணலில் இந்தத் தவறு அடிக்கடி காதில் விழும். ‘ஆளை செட் பண்ணியாச்சு’, ‘எல்லாம் செட்டப்பு’ என்பதில் ஒட்டியிருக்கும் கள்ளத்தனம் ஆங்கிலத்தில் எப்போதும் வராது. அலுவலக மெயிலில் ‘செட் அப் எ மீட்டிங்’ என்றால் யாரும் தப்பாக நினைக்க மாட்டார்கள். இறந்தகாலத்திலும் ‘செட்’ ‘செட்’டாகவே நிற்கும், ‘செட்டட்’ என்று ஒன்று கிடையாது.

‘செட் ஆஃப்’ பற்றிச் சொல்லாமல் விட முடியாது. பயணம் கிளம்புவது, வெடி வெடிப்பது, வரவேண்டிய பணத்தைத் தரவேண்டியதில் கழிப்பது மூன்றும் அதுதான். சிவகாசிக்காரர்களுக்கு நான்காவதும் உண்டு. அச்சடித்து வந்த தாளின் மை செட் ஆகும் முன் அடுத்த தாள் மேலே விழுந்தால், அதன் முதுகில் மை ஒட்டிக் கறையாகும். அதன் பெயரும் ‘செட் ஆஃப்’. மை கனமாக விழுவது, அடுக்கு உயரமாக இருப்பது, மை உறிஞ்சாத வழுவழுப்பான தாள் மூன்றும் சேர்ந்தால் எளிதில் வரும். தாள்களுக்கு இடையே மெல்லிய ஸ்பிரே பவுடர் தூவி, அடுக்கைச் சிறிதாக வைத்தால் குறையும். அச்சகத்துக்குக் குறை எழுதும்போது ‘ஆஃப்செட் வந்திருக்கு’ என்று எழுதிவிடாதீர்கள். தட்டிலிருந்து ரப்பர் போர்வைக்கும் அங்கிருந்து தாளுக்கும் மை ஏறும் அந்த அச்சுமுறையின் பெயரே ஆஃப்செட். ‘செட் ஆஃப்’ என்று எழுதி, எந்தப் பக்கத்தின் முதுகில் என்று குறிப்பிட்டால் மெஷின்காரருக்கு உடனே புரியும்.