ஒரு பார்க்கிங் ரிக்கெற், ஒரு சம்பள ஏற்றம்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

ஆங்கிலத்தையும் பிரெஞ்சையும் சமமாக வைக்கும் கனடாவின் இருமொழிச் சட்டத்தைப் பாராட்டி நீங்கள் எழுதியதைப் படித்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது. என் மகள் ரொறன்ரோவில் பிறந்தவள். தமிழும் ஆங்கிலமும் நன்றாகப் பேசுவாள், எழுதுவாள். ஒட்டாவாவில் மத்திய அரசுத் திணைக்களம் ஒன்றில் ஐந்து வருடமாக வேலை செய்கிறாள். அடுத்த படிக்கு விண்ணப்பித்தபோது பிரெஞ்சு வாய்மொழிச் சோதனையில் தரம் போதாது என்று நிறுத்திவிட்டார்கள். நான்காம் வகுப்பிலிருந்து ஒன்பதாம் வகுப்புவரை பள்ளியில் படித்த பிரெஞ்சு அவளுக்குக் கைகொடுக்கவில்லை. நாங்கள் இருக்கும் ஸ்காபரோவில் பிரெஞ்சைவிடத் தமிழ்தான் காதில் விழுகிறது. என்னுடைய ஐயா இலங்கையில் அரசாங்க இலிகிதராக இருந்தவர். சிங்களப் பரீட்சை எழுதமாட்டேன் என்று அறுபதுகளில் வேலையை விட்டுவிட்டு ஊருக்கு வந்தவர். இப்போது அவருடைய பேத்திக்கும் அதே கதை. 1956இல் அங்கே நடந்ததற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

சி., ஸ்காபரோ

அன்புள்ள ஐயா,

உங்கள் கடிதத்தை இரண்டு நாள் வைத்திருந்து திரும்பத் திரும்பப் படித்தேன். மகளுக்கு நடந்ததில் ஒரு அநியாயம் இருக்கிறது. அதற்குக் கடைசியில் வருகிறேன். ஆனால் அது 1956 இல்லை.

இலங்கையின் 1956 தனிச் சிங்களச் சட்டத்தின்படி அரசுக்கு ஒரு மொழி போதும். அது தெரியாதவர் கற்றுக்கொண்டு வரவேண்டும், இல்லையென்றால் தெரிந்த ஒருவரைக் கூட்டிக்கொண்டு வரவேண்டும். கனடாப் பிரதமர் பியேர் ட்ரூடோவின் அரசு 1969இல் கொண்டுவந்த இருமொழிச் சட்டம் அந்தச் சுமையை மேசைக்கு மறுபக்கம் தூக்கி வைத்தது. ஆங்கிலமோ பிரெஞ்சோ, ஒன்றை வைத்துக்கொண்டு குடிமகன் காலம் தள்ளலாம். இரண்டும் தெரிந்திருக்க வேண்டியது அரசு. மத்திய அரசுக் கந்தோர்களில் "ஹலோ, போன்ஜூர்" என்று ஒரே மூச்சில் சொல்கிறார்களே, அது உபசாரத்துக்காகச் சொல்வதல்ல. எந்த மொழியில் பேசலாம் என்பதை நாம் கேட்கும் முன்பே தெரிவிக்க வேண்டும் என்ற கடமை. 2021 குடிக்கணிப்பின்படி இந்நாட்டில் இரண்டு மொழியும் பேசக்கூடியவர்கள் 18 சதவீதம். பிரெஞ்சு பெரும்பான்மையான கியூபெக் மாகாணத்துக்கு வெளியே பத்தில் ஒருவர்கூட இல்லை. இதைக் காட்டிச் சட்டம் தோற்றுவிட்டது என்பார்கள். எல்லோரையும் இருமொழிக்காரராக்குவது அதன் வேலையாகவே இருந்ததில்லை.

உங்கள் ஐயாவின் நினைவாக இரண்டு மனிதர்களைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

ஒருவர் கோடீஸ்வரன். உங்கள் ஐயாவைப் போலவே அரசாங்க இலிகிதர். சிங்களப் பரீட்சைக்குத் தோற்றாததால் 1962இல் அவருடைய வருடாந்தச் சம்பள ஏற்றத்தை நிறுத்தினார்கள். அவர் வழக்குப் போட்டார். 1964இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் 1956 சட்டமே செல்லாது என்றது. அரசு ஊழியர் சம்பளத்துக்காக அரசின்மேல் வழக்குத் தொடர முடியாது என்று சொல்லி, உயர் நீதிமன்றம் 1967இல் அதைத் தள்ளியது. அப்போது இலங்கைக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த இலண்டன் பிரிவி கவுன்சில் 1969 டிசம்பரில் அந்தத் தீர்ப்பை மாற்றி, சட்டம் செல்லுமா என்ற கேள்வியை விசாரிக்கும்படி திருப்பி அனுப்பியது. கனடாவில் இருமொழிச் சட்டம் நடைமுறைக்கு வந்த அதே வருடம். பிறகு பிரிவி கவுன்சிலுக்குப் போகும் வழியை அடைத்தார்கள், 1972இல் புதிய அரசியலமைப்பு வந்தது. அந்தக் கேள்வியை எந்த நீதிமன்றமும் கேட்டு முடிக்கவில்லை.

மற்றவர் ஜோர்ஜ் ஃபொரெஸ்ட். கனடாவின் மனிற்றோபா மாகாணத்தில் வின்னிபெக் நகரத்தோடு சேர்ந்த செயின்ற் பொனிஃபஸ்காரர், காப்புறுதி முகவர். அந்த ஊர்த் தேவாலய முற்றத்தில்தான் பூர்வகுடி, பிரெஞ்சு வழிவந்த மெற்றி மக்களின் தலைவர் லூயி ரியேலின் கல்லறை இருக்கிறது. ரியேலின் போராட்டத்தால் பிறந்த மாகாணம் அது. 1870 மனிற்றோபாச் சட்டத்தின் 23ஆம் பிரிவு, சட்டசபையிலும் நீதிமன்றத்திலும் இரண்டு மொழிக்கும் இடம் கொடுத்தது. இருபதே வருடத்தில், ஆங்கிலேயர் தொகை கூடியதும், ஆங்கிலம் மட்டும் என்று 1890இல் மாற்றிவிட்டார்கள். அந்த மாற்றம் செல்லாது என்று 1892இல் ஒரு நீதிபதி தீர்ப்பளித்தார். யாரும் பொருட்படுத்தவில்லை. 1909இல் இன்னொரு தீர்ப்பும் அதையே சொன்னது, அதையும் கண்டுகொள்ளவில்லை. 1976இல் ஃபொரெஸ்டுக்கு ஆங்கிலத்தில் மட்டும் அச்சிட்ட ஒரு பார்க்கிங் ரிக்கெற் வந்தது. தண்டம் ஐந்து டொலர். அவர் கட்டவில்லை, வழக்காடினார், வென்றார். தீர்ப்பை ஏற்கமாட்டோம், மேல்முறையீடும் செய்யமாட்டோம் என்றது மாகாண அரசு. மேல்முறையீடு செய்தால் மேல் நீதிமன்றமும் அதையே சொல்லிவிடும் என்று பயந்தார்கள் என்றுதான் நான் நினைக்கிறேன். அவர் விடவில்லை. 1979 டிசம்பரில் கனடா உச்ச நீதிமன்றம் 1890 சட்டத்தைத் தூக்கி எறிந்தது. 1985இல் அதே நீதிமன்றம், மனிற்றோபா ஆங்கிலத்தில் மட்டும் இயற்றிய சட்டம் ஒன்றுகூடச் செல்லாது என்று சொல்லி, மாகாணம் சட்டமே இல்லாமல் போய்விடக் கூடாதென்று மொழிபெயர்க்கும்வரை மட்டும் அவற்றுக்கு உயிர் கொடுத்தது.

இது சுமுகமாக நடந்ததென்று நினைக்காதீர்கள். 1983இல் பிரெஞ்சு பேசும் மனிற்றோபர்களின் சங்கக் கந்தோருக்குத் தீ வைத்தார்கள். அந்த வருடம் வின்னிபெக்கில் நடந்த வாக்கெடுப்பில் பெரும்பான்மை மக்கள் பிரெஞ்சு உரிமையை விரிவாக்குவதை எதிர்த்தார்கள். சட்டசபையில் எதிர்க்கட்சியினர் வாக்கெடுப்புக்கு வராமல், அதற்கு அழைக்கும் மணியை நாட்கணக்காக ஒலிக்கவிட்டார்கள். அந்த ஊரில் பிரெஞ்சுக்காரர் சிறுபான்மையிலும் சிறுபான்மை. அவர்கள் உங்கள் மகளை மறித்து நிற்கும் எசமானர்கள் இல்லை ஐயா. நாம் கோடீஸ்வரனுக்குப் பக்கத்தில் நிறுத்திப் பார்க்க வேண்டியவர்கள் அவர்கள்.

கியூபெக் வேறு கதை. அங்கே அவர்கள் பெரும்பான்மை. 1977இன் 101ஆம் மொழிச் சட்டம் மொன்றியல் தமிழ்ப் பிள்ளைகளையும் பிரெஞ்சுப் பள்ளிக்கு அனுப்பியது. அதைப் பற்றிப் பிறகொருமுறை எழுதுகிறேன்.

ஸ்காபரோவில் தமிழ்தானே அதிகம் என்கிறீர்கள். இதே கேள்வியை நமக்கு முன்பே கேட்டவர்கள் மனிற்றோபா உக்ரேனியர்கள். 1963இல் அமைத்த இருமொழி ஆணைக்குழுவில் அவர்கள் சமூகத்தைச் சேர்ந்த பேராசிரியர் ருட்னிக்கி இருந்தார். மற்ற ஆணையர்களோடு ஒத்துப்போகாமல், பிராந்திய மொழிகளுக்கும் சட்டத்தில் இடம் வேண்டும் என்று தனிக் குறிப்பு எழுதினார். அதை ஏற்கவில்லை. 1971 அக்டோபரில் ட்ரூடோ அறிவித்த பல்பண்பாட்டுக் கொள்கை, மொழி இரண்டு, பண்பாடு பல என்றது. ருட்னிக்கி பக்கம்தான் என் மனம். ஆனால் அவருடைய மாகாணத்திலேயே அதற்கு முன் நடந்ததையும் பாருங்கள். 1897இல் அங்கே ஒரு உடன்பாடு சட்டமாக வந்தது. ஒரு பள்ளியில் பிரெஞ்சோ வேறொரு மொழியோ பேசும் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால், அந்த மொழியிலும் ஆங்கிலத்திலும் படிப்பிக்க வேண்டும். அந்த வாசல் வழியாக உக்ரேனியர், ஜேர்மனியர், போலந்துக்காரர் எல்லோரும் தங்கள் பள்ளிகளைக் கட்டினார்கள். 1916இல் மாகாணம் அந்த வாசலை அடைத்தபோது பிரெஞ்சோடு சேர்ந்து எல்லா மொழிகளும் வெளியே போயின. பள்ளிப் பரிசோதகர் வரும் சத்தம் கேட்டதும் பிள்ளைகள் பிரெஞ்சுப் புத்தகங்களை ஒளித்த காலம் அதன்பிறகு வந்தது. இரண்டாவது மொழியின் இடம் பறிபோனால் மூன்றாவது மொழிக்கு அங்கே இடம் கிடைக்கும் என்று நம்புவதற்கு, நான் படித்த வரலாற்றில் ஒரு சான்றும் இல்லை.

சட்டத்தின் பெரிய ஓட்டை நம் பக்கத்தில் இல்லை, பூர்வகுடிகள் பக்கத்தில் இருக்கிறது. 2021இல் மேரி சைமன் ஆளுநர் நாயகமானார். அந்தப் பதவிக்கு வந்த முதல் பூர்வகுடி. ஆங்கிலமும், இனுயிட் மக்களின் மொழியான இனுக்டிடுட்டும் பேசுபவர். பிரெஞ்சு தெரியாது என்று ஆயிரத்துக்கு மேற்பட்ட முறைப்பாடுகள் போயின. கியூபெக்கின் வடகோடியில் அவர் படித்த மத்திய அரசுப் பள்ளியில் பிரெஞ்சு படிப்பிக்கவில்லை. படிப்பிக்காத அதே அரசின் சட்டத்தை வைத்துக்கொண்டு, இந்த மண்ணின் மொழியும் இன்னொன்றும் தெரிந்த பெண்ணை இருமொழிக்காரி இல்லை என்று சொன்னதை என்னால் இன்றும் ஏற்க முடியவில்லை.

மகள் விஷயமும் அப்படித்தான். மத்திய அரசில் பத்தில் நான்கு பதவிகளுக்கு இருமொழி வேண்டும். மேசைக்குப் பின்னால் யாராவது பிரெஞ்சு பேசத்தான் வேண்டும். ஆனால் அந்தப் பிரெஞ்சை ஊழியருக்குக் கற்றுக்கொடுப்பது யாருடைய செலவு? சட்டம் வந்த முதல் பத்தாண்டுகளில் ஊழியர்களைச் சம்பளத்தோடு மாதக்கணக்கில் மொழி வகுப்புக்கு அனுப்பினார்கள். இன்று பெரும்பாலான பதவிகளுக்கு விண்ணப்பிக்கும்போதே தரம் கையில் இருக்க வேண்டும். அரசு தன்மேல் எடுத்துக்கொண்ட சுமையை மெல்ல மெல்ல விண்ணப்பதாரரின் தலைக்கு மாற்றிவிட்டது. சின்ன வயதிலேயே பிள்ளையை, பாடங்களைப் பிரெஞ்சிலேயே படிப்பிக்கும் இமர்ஷன் வகுப்பில் சேர்க்க வேண்டும் என்று அறிந்திருந்த வீட்டுக்கு அது சுமையில்லை. இரவு வேலைக்குப் போன தாய்தகப்பனுக்கு அதைச் சொல்ல ஆளில்லை. முறைப்பாடு எழுதுவதானால் இதைத்தான் எழுத வேண்டும்: ஐந்து வருடம் வேலை வாங்கினீர்கள், எத்தனை மணிநேரம் பிரெஞ்சு கற்றுக்கொடுத்தீர்கள்? திணைக்களம் கற்பிக்க மறுத்த தேதிகளை மகள் எழுதிவைத்திருந்தால், தொழிற்சங்கத்திடம் அதோடு போகட்டும்.

உங்கள் ஐயாவைப் பற்றி இரண்டு வரிதான் எழுதியிருக்கிறீர்கள். எந்தக் கச்சேரியில் வேலை, எந்த வருடம் விட்டார், ஓய்வூதியம் கிடைத்ததா? பரீட்சைக்குத் தோற்றச் சொல்லி வந்த சுற்றறிக்கை எந்த மொழியில் இருந்தது என்று அவர் எப்போதாவது சொன்னாரா? நினைவில் உள்ளதை எழுதி அனுப்புங்கள்.

அன்புடன்