அடைப்புக்குறிக்குள் ஓர் அம்மா

கேள்வி: ஓபரா என்னும் மேலைநாட்டு இசைநாடக மேடைகளுக்கு ஆறு ஆண்டுகளாக உடை வடிவமைக்கிறேன். ஓபரா ஒன்றை முழுநீளப் படமாக எடுக்கும் குழு, உடை, அரங்க அமைப்பு இரண்டையும் என்னிடமே தர முன்வந்திருக்கிறது. சொன்ன தொகைக்குள் முடிப்பவள் என்று எனக்கு நல்ல பெயர். (மாற்று உடைகளை அம்மா ராத்திரியில் தைத்துக் கொடுத்துவிடுவார்.) இரண்டையும் ஒருத்தியே ஏற்கலாமா? மேடையை விட்டுவிடலாமா?

பதில்: ஏற்கலாம். 1951இல் வந்த ‘டேல்ஸ் ஆஃப் ஹாஃப்மன்’ ஓபரா படத்துக்கு அரங்கம், உடை இரண்டும் ஹைன் ஹெக்ரோத் என்ற ஒரே வடிவமைப்பாளர்தான். இரண்டுக்குமே ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. மேடையை விட வேண்டியதில்லை.

இனி அந்த அடைப்புக்குறிக்கு வருகிறேன். ‘கொடுத்துவிடுவார்’ என்கிறீர்கள். கேட்டீர்களா? கேட்டதாக ஒரு வரிகூட இல்லை. அவரைக் கேட்காமலே இந்தப் படத்தின் வேலையையும் அவர் மடியில் போட்டாயிற்று.

அது எவ்வளவு வேலை என்றாவது தெரியுமா? மேடையில் ஒரு கவுன் மாலை முழுவதும் தாங்கும். கேமராவுக்கு அப்படியில்லை. கத்திக்குத்துக் காட்சியில் ஒவ்வொரு டேக்குக்கும் ரத்தம் படாத உடை வேண்டும்; மூன்று டேக், கைவசம் ஒன்று என்றால் அதற்கே நான்கு. கதை வரிசையில் படமெடுக்க மாட்டார்கள். கிழிந்த கோலத்தைக் காலையிலும் புத்தம்புதுக் கோலத்தைச் சாயங்காலமும் எடுப்பார்கள், ஆகவே அவை தனித்தனி. ஒரே கவுன் ஆறு ஏழாகிவிடும். மேடையில் துணிமேல் வரைந்த லேஸ் போதும். குளோசப்பில் அது பெயின்ட் என்று பளிச்செனத் தெரியும், கையால் தைத்தாக வேண்டும். கறுப்புத் துணியில் கறுப்பு நூல், ராத்திரி விளக்கில், உங்கள் அம்மாவின் வயதில்!

எல்லாப் பிரதிக்கும் துணியை ஒரே சாயத் தொகுதியில், ஒரே நாளில் வாங்க வேண்டும். வெட்டும் முன் அலசிச் சுருங்கவிட வேண்டும். பாதியில் துணி தீர்ந்து மறுபடி வாங்கினால், ஒரே பாட்டின் நடுவே நிறம் மாறுவது எடிட்டிங்கில்தான் தெரியும். பழி யார்மேல் விழும்? தூய வெள்ளை கேமராவில் கண்ணைக் கூசவைக்கும், தேயிலைச் சாயத்தில் முக்குங்கள். நெருக்கமான மெல்லிய கோடுகள் திரையில் நெளியும். அளவை இருமுறை எடுங்கள்: மூச்சை விட்டபின் ஒன்று, முழுதாக இழுத்தபின் ஒன்று. முன்பே பதிவான பாட்டுக்கு வாயசைத்தாலும் பாடகர்கள் நிஜமாகவே பாடுவார்கள், இல்லையென்றால் கழுத்து அசையாதது கேமராவில் அகப்படும். ஆகவே முதுகில் தளர்த்தி இறுக்கும் நாடாக் கட்டு வையுங்கள். படப்பிடிப்பிலேயே குரலைப் பதிகிறார்கள் என்றால் டஃபெட்டா என்ற மொடமொடப்பான துணி கூடாது, அது சரசரக்கும்.

அரங்கம் உங்களுக்குப் புதிது. சுவர்கள் தனித்தனியே கழன்று வரட்டும், கேமராவுக்கு வழி வேண்டும். ஆழத்தைப் பொய்யாகக் காட்டும் சாய்கோட்டு அமைப்பு நேர் எதிரிலிருந்து மட்டுமே ஏமாற்றும். அரங்கத்தின் 1:25 அளவுச் சிறு மாதிரிக்குள், பாடகரின் கண் உயரத்தில் ஃபோன் கேமராவை வைத்துப் பாருங்கள், குட்டு வெளிப்படும்.

சொன்ன தொகைக்குள் முடிப்பவர் நீங்களல்ல, உங்கள் அம்மா. பிள்ளைக்காகத் தாய் கண்விழிப்பது ஊரறிந்ததுதான். அந்தக் கண்விழிப்பைக் கழித்துவிட்டுக் குறைந்த தொகையைக் கூசாமல் நீட்டுவதற்கு என்ன பெயர்? உங்களுக்குப் பின் வரும் வடிவமைப்பாளரிடமும் ‘அவர் இதற்குள் முடித்தாரே’ என்றுதான் பேரம் பேசுவார்கள்.

இன்றே அவரிடம் உட்காருங்கள். ஓர் உடைக்கு எத்தனை மணி நேரம் என்று கேட்டு, பிரதிகளின் எண்ணிக்கையால் பெருக்கி, வெளியாளுக்குத் தரும் கூலியால் மறுபடி பெருக்குங்கள். அதுவும் சேர்ந்ததுதான் உங்கள் உண்மையான தொகை. குழுவிடம் அதையே சொல்லுங்கள். கூலி அவர் கைக்கே போகட்டும், படத்தின் இறுதிப் பெயர்ப்பட்டியலில் அவர் பெயர் வரட்டும். இரண்டும் ஒப்பந்தத்தில் எழுத்தாக இருக்கட்டும். அவர் வேண்டாம் என்றால் கெஞ்சாதீர்கள். தையல்காரர் இருவரை இப்போதே பேசிவையுங்கள், படப்பிடிப்புக்கு முந்தின வாரம் தேடினால் நல்ல கை கிடைக்காது.